ஒட்டின கைதான் உரிக்கணும்

முதல் தேதியிலிருந்து வேலைக்கு வரலாம் என்று சப்டைட்டில் நிறுவனத்திலிருந்து வந்த கடிதத்தைக் கீச்சு இந்த ஒரு வாரத்தில் பதினோரு முறை படித்துவிட்டாள். பன்னிரண்டாம் முறை படித்தபோது மணி காலை எட்டு. இன்னும் பல் கூடத் துலக்கவில்லை.

ஒன்பதாம் வகுப்பில் பள்ளிக்கூடத்துக்கு முழுக்குப் போட்டவள் அவள். அம்மா எடுக்கும் ஆவணப்படங்களில் யார் என்ன பேசினாலும் அதைக் காதால் கேட்டு, எழுத்தாக்கித் தருவதுதான் எட்டு வருஷமாக அவள் வேலை. வெளியாட்கள் அந்த வேலையை மதித்தது இதுதான் முதல் தடவை. சான்றிதழ் கேட்கவில்லை. ஒரு சோதனை வைத்தார்கள். எழுதிக் கொடுத்தாள். ஓர் எழுத்துப் பிழை இல்லை.

"பார்த்தியா, நம்ம கீச்சு எங்கேயோ போயிட்டா," என்று போன வாரம் கடிதத்தைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு வீட்டைச் சுற்றி வந்தவர் மாமா, அம்மாவின் தம்பி. சின்ன வயதில் அணில் மாதிரி கீச்சுக் குரலில் பேசிக்கொண்டிருந்தவளுக்குப் பெயர் வைத்தவரும் அவர்தான். இருபத்து மூன்று வயதில் குரல் இறங்கிவிட்டது. பெயர்தான் இறங்கவில்லை.

கடிதத்தை மடித்துத் தலையணைக்கு அடியில் வைத்துவிட்டு, ஹெட்போனை எடுத்துக்கொண்டு உட்கார்ந்தாள். அன்று மாலை ஐந்து மணிக்கு அம்மாவின் புதுப் படம் படவிழாவுக்குப் போயாக வேண்டும்.

அம்மா இருபத்திரண்டு வருஷமாகக் கேமராவும் கையுமாக அலைகிறவள். ஆஸ்பத்திரிக் கட்டிலில் படுத்தபடியே சுவரெல்லாம் கப்பல் வரைந்த சிறுமியைப் பற்றியது அவளுடைய முதல் படம். அதிலிருந்து இன்றுவரை, குழந்தைகள் எதற்காக வரைகிறார்கள், எந்த வயதில் வரைவதை நிறுத்துகிறார்கள் என்பதைத் தவிர வேறு எதைப் பற்றியும் அவள் படம் எடுத்ததில்லை.

அவளிடம் இரண்டு சட்டங்கள் உண்டு. ஒன்று, வரைந்துகொண்டிருக்கும் குழந்தையிடம் 'இது என்ன?' என்று கேட்கக் கூடாது. கேட்டால் நமக்குப் பிடித்த பதிலை அது சொல்லிவிடும். 'அப்புறம்?' என்று மட்டும் கேட்க வேண்டும்.

இன்னொன்று, எடுத்ததை முதலில் அந்தக் குழந்தைக்குத்தான் போட்டுக் காட்ட வேண்டும். வேண்டாம் என்று தோன்றினால் குழந்தை அந்த டேப்பின் மேல் ஒரு சிவப்பு ஸ்டிக்கரை ஒட்டிவிடலாம். ஏன் என்று யாரும் கேட்க மாட்டார்கள். அதற்கப்புறம் அந்த டேப்பை யாரும் போட்டுப் பார்க்கக் கூடாது, அம்மாவும்தான்.

"ஒட்டின கைதான் உரிக்கணும்," என்பாள் அம்மா. மேடையில் இதைச் சொல்லும்போதெல்லாம் கைதட்டல் விழும். கூடத்து அலமாரியில் அவள் வாங்கிய விருதுகளின் மேல் தூசி படிந்து கிடக்கும். பக்கத்தில் இருக்கும் சிவப்பு ஸ்டிக்கர் டப்பா மட்டும் பளபளவென்று இருக்கும்.

புதுப் படம் பன்னிரண்டாவது. இதுவரை எடுத்த குழந்தைகளை எல்லாம் திரும்பிப் பார்க்கும் படம். மொத்தம் எட்டுப் பகுதி. கீச்சிடம் வந்தது ஏழுதான்.

"ஏழாவது எங்கேம்மா?" என்று முந்தாநாள் கேட்டாள்.

"அதுல பேச்சே இல்ல. இசை மட்டும்தான். உனக்கு அங்க வேலை இல்ல," என்றாள் அம்மா, செருப்பைத் தேடியபடி.

அப்போது சரி என்று விட்டுவிட்டாள். இன்று நேரக் குறிப்பைச் சரிபார்க்கும்போதுதான் உறுத்தியது. ஆறாம் பகுதி ஐம்பத்து இரண்டாவது நிமிஷத்தில் முடிகிறது. எட்டாவது, அறுபத்து ஒன்றில் தொடங்குகிறது. நடுவில் ஒன்பது நிமிஷம் வெறும் இசையா? அம்மாவின் படத்தில் ஒன்பது விநாடி இசை வந்தாலே மாமா காலண்டரில் குறித்துவைப்பார்.

மாமா பத்து மணிக்கு டீக்கடைக்குப் போனால் திரும்பிவர அரை மணி ஆகும். ஜன்னல் இல்லாத அவருடைய எடிட்டிங் அறைக்கு வீட்டில் குகை என்று பெயர். கீச்சு குகைக்குள் போனாள். ஏழாம் பகுதியைத் தேடி ஓடவிட்டாள்.

முதலில் தெரிந்தது ஒரு மேஜை. சாப்பாட்டு மேஜை. அதன் ஓரத்தில் சூடுபட்ட தழும்பு ஒன்று இருந்தது. இன்றைக்கும் இருக்கிறது.

மேஜையின் முன்னால் ரெட்டைப் பின்னலோடு ஓர் எட்டு வயதுப் பெண், பாடப் புத்தகத்தைத் திறந்துவைத்து, அந்தப் பக்கத்தைப் பார்த்து அப்படியே வரைந்துகொண்டிருந்தாள். எழுதவில்லை, வரைந்துகொண்டிருந்தாள். ஒரு எழுத்துக்குப் பச்சை, ஒரு எழுத்துக்கு ஊதா.

"அப்புறம்?" கேமராவுக்குப் பின்னாலிருந்து மாமாவின் குரல்.

"அப்புறம் இந்த வரி. இது ரொம்ப நீளம்," என்றது கீச்சுக் குரல்.

"அப்புறம்?"

"டீச்சர் எழுதச் சொன்னா நான் வரைஞ்சுடுவேன். படிக்கச் சொன்னா, பக்கத்துல இருக்கறவ முதல்ல படிப்பா. நான் கேட்டுக்கிட்டே இருந்து அப்படியே ஒப்பிச்சுடுவேன்."

"அப்புறம்?"

பச்சைப் பென்சில் நின்றது. அந்தப் பெண் கேமராவை நேராகப் பார்த்தாள்.

"எனக்குப் படிக்கத் தெரியாது மாமா. ஒரு எழுத்துகூடத் தெரியாது. யார்கிட்டயும் சொல்லிடாதீங்க."

படம் அந்த முகத்திலேயே உறைந்து நின்றது. அதன் மேல் அம்மாவின் குரல், நிதானமாக, மேடைக் குரலில்: "இவள் என் மகள்."

கீச்சு ஹெட்போனைக் கழற்றினாள்.

அந்த நாள் அவளுக்கு மறக்கவில்லை. அம்மா வெளியூரில் இருந்தாள். மாமா எடுத்ததைப் போட்டுக் காட்டியதும், அலமாரியிலிருந்து டப்பாவை எடுத்து ஒரு சிவப்பை உரித்து டேப்பின் மேல் ஒட்டி, நகம் வெளுக்கும்வரை கட்டைவிரலால் அழுத்தினாள். ஊரில் எத்தனையோ பிள்ளைகளுக்காகப் போட்ட சட்டம் தனக்கும் உண்டு என்ற நிம்மதியில் அன்றிரவு தூங்கினாள்.

பள்ளியை விட்ட பிறகுதான் எழுத்து அவளுக்கு வசப்பட்டது. ஒரே வார்த்தையை முப்பது தடவை ஓடவிட்டு, காதில் விழுவதைக் கையால் பிடித்துப் பிடித்துப் பழகினாள். அப்படி எழுதிக் கிழித்த நோட்டுகள் கட்டிலுக்கு அடியில் இரண்டு பெட்டி நிறைய இருக்கின்றன. யாருக்கும் காட்டியதில்லை.

"ஐயோ," என்றது வாசல்.

மாமா நின்றுகொண்டிருந்தார். கையில் இரண்டு டீ. இன்றைக்கென்று பார்த்து சீக்கிரம் வந்துவிட்டார்.

"நண்டு எங்கே மாமா?" என்றாள் கீச்சு.

"எந்த நண்டு?"

"இதுக்கப்புறம் நான் நண்டு பத்திச் சொன்னேனே. எழுத்தெல்லாம் நண்டு மாதிரி இருக்கு, விரல் வெச்சா பக்கத்து வரிக்கு ஓடிடுதுன்னு."

மாமா டீயைக் கீழே வைக்க இடம் தேடினார். "அதுல நான் சிரிச்சுட்டேன்டா. என் சிரிப்பு சத்தம் பதிவாயிடுச்சு. கம்ப்யூட்டர்ல ஏத்தும்போதே வெட்டிட்டேன். அக்காகூட அதைப் பார்க்கல."

"வெட்ட வேண்டியது அது மட்டும்தானா?"

"நான் வாயே திறக்கல கீச்சு. பதினஞ்சு வருஷம். சத்தியமா. நீ சிவப்பு ஒட்டினே, சட்டம்னா சட்டம்னு இருந்துட்டேன்."

"இருந்தீங்க. நான் டெஸ்டுக்கு டெஸ்ட் ஃபெயிலாகி, மக்குன்னு பேர் வாங்கி, ஒன்பதாவதுல வெளிய வந்து நின்னப்பவும் இருந்தீங்க."

மாமா கையிலிருந்த டீயை ஒருவழியாகக் கீழே வைத்தார்.

"அப்படிக் காப்பாத்தினவரு இப்ப ஏன் மாமா போட்டீங்க?"

"ஸ்டிக்கர் இல்லையே!" என்றார் மாமா. கிட்டத்தட்ட அழுகிற குரல். "போன மாசம் பழைய டேப்பெல்லாம் எடுத்தப்போ இதுல சிவப்பு இல்ல. ஒட்டின கைதானே உரிக்கணும்? அப்போ நீதான் எப்பவோ உரிச்சிருக்கேன்னு நினைச்சேன். பெரியவளாயிட்டே, இனிமே பரவாயில்லன்னு முடிவு பண்ணிட்டேன்னு."

"நான் உரிக்கல."

"இந்த வீட்டுல வேற யார் உரிப்பா?"

அந்தக் கேள்வி குகைக்குள் நின்றுகொண்டிருந்தபோதுதான் அம்மா வந்தாள். கண்ணாடியை நெற்றியில் ஏற்றிவிட்டு, கையில் இருந்த பட்டியலைப் பார்த்தபடியே, "ஏழுக்கு ஒரு பத்து வரிதான், நானே எழுதிட்டேன், நீ அதைச் சேர்த்து..." என்று மாமாவிடம் சொல்லிக்கொண்டே வந்தவள், திரையில் உறைந்திருந்த முகத்தையும் அதன் முன்னால் உட்கார்ந்திருந்த அதே முகத்தையும் பார்த்தாள்.

"இசை நல்லா இருக்கும்மா," என்றாள் கீச்சு.

அம்மா பட்டியலை மடித்தாள். "நானே இன்னிக்குச் சொல்லணும்னுதான் இருந்தேன்."

"எப்போ? அஞ்சு மணிக்கா, அஞ்சரைக்கா?"

"கத்தாதே."

"நான் கத்தலையே. நான் எப்பவாவது கத்தியிருக்கேனா?"

உண்மைதான். அந்த வீட்டில் குரல் உயர்த்தாத ஒரே ஆள் அவள்.

"அந்த டேப்புல சிவப்பு இல்ல கீச்சு," என்றாள் அம்மா. "இருந்திருந்தா நான் தொட்டிருக்கவே மாட்டேன். உனக்கே தெரியும். சிவப்பு இல்லன்னா சம்மதம்னு அர்த்தம்."

"அப்படின்னா ஏழாவதை ஏன் என்கிட்ட மறைச்சே?"

இருபத்திரண்டு வருஷமாக மற்றவர்களின் மௌனத்தைப் படம்பிடித்தவள், தன் மௌனத்தை எங்கே வைப்பது என்று தெரியாமல் நின்றாள்.

"கேட்டா வேண்டாம்னு சொல்லியிருப்பே," என்றாள் கடைசியில்.

"அதுக்குத்தானேம்மா கேட்கறது!"

மாமா சுவரைப் பார்த்துக்கொண்டார்.

"ஊர்ப் பிள்ளைங்க முன்னால எல்லாம் முழங்கால் போட்டு உட்கார்ந்து கேட்டே. 'இதைக் காட்டலாமா கண்ணு, உனக்குச் சரியா'ன்னு. நான் அதையெல்லாம் எழுதியிருக்கேன், ஒரு வார்த்தை விடாம. என் முன்னால மட்டும் முழங்கால் வலிச்சுதா?"

"இது உன் கதை மட்டும் இல்ல." அம்மாவின் கண் கலங்கிவிட்டது. "நான் ஊர்க் குழந்தைங்க பின்னால ஓடினப்போ, என் வீட்டு மேஜையில நடந்ததைப் பார்க்காம விட்ட கதை. போன மாசம் அதைப் பார்த்தப்போ எனக்கு எப்படி இருந்துச்சு தெரியுமா? இதை மறைச்சுட்டு மத்த பதினோரு படத்தைப் பத்தி நான் என்ன பேசறது? பொய்யாயிடும்."

"அப்போ உன் முகத்தைப் போடு. நீ உட்கார்ந்து சொல்லு, 'எனக்குத் தெரியாமப் போச்சு'ன்னு. அதுக்கு என் முகம் எதுக்கு?"

அம்மா நெற்றியிலிருந்த கண்ணாடியைக் கழற்றினாள்.

"முதல் தேதி நான் வேலைக்குப் போறேன். எழுதற வேலை. அங்க இருக்கறவங்க எல்லாரும் படம் பார்க்கறவங்க. 'ஓ, அந்தப் படிக்கத் தெரியாத பொண்ணா'ன்னு முதல் நாளே திரும்பிப் பார்ப்பாங்க. எனக்குன்னு ஒரு இடம் கிடைச்சு ஏழு நாள்தாம்மா ஆச்சு. அதுக்குள்ள உனக்கு அது படத்துல ஒரு சீன் ஆயிடுச்சு."

மேஜை மேல் கிடந்த அந்தப் பழைய டேப்பைக் கையில் எடுத்தாள் கீச்சு. பெயர்ச் சீட்டு மஞ்சளடித்திருந்தது. நடுவில் வட்டமாக ஒரு தடம். விரலால் தடவிப் பார்த்தாள். பிசுபிசுப்பு போய், தூசி அப்பி, கறுத்து இறுகியிருந்தது.

"இதைப் பாருங்க மாமா. போன மாசம் உரிச்சிருந்தா அடியில சீட்டு வெள்ளையா இருக்கும். இது கன்னங்கரேல்னு இருக்கு. ஒட்டின சூட்டோட யாரோ உரிச்சிருக்காங்க."

"நான் இல்ல," என்றார் மாமா உடனே.

"நான் ஊர்லயே இல்ல," என்றாள் அம்மா.

இரண்டு பேரும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். கீச்சு அதற்காகக் காத்திருக்கவில்லை. கூடத்துக்குப் போனாள், டப்பாவைத் திறந்தாள், ஒரு சிவப்பை உரித்தாள். திரும்பி வந்து, படவிழாவுக்குப் போகத் தயாராக இருந்த ஹார்ட் டிஸ்க்கின் மேல் ஒட்டி, கட்டைவிரலால் அழுத்தினாள்.

"ஒட்டிட்டேன். அஞ்சு மணிக்குள்ள எந்தக் கை உரிக்குதுன்னு பார்க்கறேன்."

"எங்கே போறே?"

"அப்பாகிட்ட."

"உங்கப்பாவுக்கு இன்னும் எதுவும் தெரியாது," என்றாள் அம்மா களைப்போடு. "படத்தைக் காட்டவே இல்ல. காட்டினா நீங்க ரெண்டு பேரும் ஒரு கட்சியாயிடுவீங்கன்னு தெரியும்."

எப்போதும் அப்படித்தான். பள்ளிக்கூடம் வேண்டாம் என்று கீச்சு அழுத அன்று, அம்மா தாம்தூம் என்று குதிக்க, "அவளுக்குப் பிடிக்கலைன்னா விடேன்" என்று சொல்லி, கையெழுத்துப் போட்டுக் கொடுத்தவர் அப்பா. ஏன் என்று ஒரு வார்த்தை கேட்கவில்லை. உலகத்தில் தன்னை ஏன் என்று கேட்காமல் நேசித்த ஒரே மனிதர் என்று அவரைப் பற்றி அவள் நோட்டில் எழுதியிருக்கிறாள்.

அப்பாவின் மூக்குக் கண்ணாடிக் கடை இரண்டு தெரு தள்ளி. உள்ளே ஒருவர் கண்ணாடியை மாட்டிக்கொண்டு இப்படியும் அப்படியும் திரும்பிப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"இதைப் போட்டா புத்திசாலியாத் தெரியறேனா?"

"பவருக்கு நான் கியாரண்டி சார். புத்திக்கு வேற கடை," என்றார் அப்பா. வந்தவர் சிரித்துவிட்டு அதையே வாங்கிக்கொண்டு போனார்.

கீச்சு ஸ்டூலில் உட்கார்ந்தாள். எதிர்ச் சுவரில் எழுத்துப் பலகை. மேலே பெரிய எழுத்து, கீழே போகப் போகச் சின்ன எழுத்து. சின்ன வயதில் அதைத் தலைகீழாக ஒப்பிப்பாள். வருகிறவர்கள் எல்லாரும் படிப்பதைக் கேட்டுக் கேட்டு மனப்பாடம்.

"என்னடா, முகம் ஒரு மாதிரி இருக்கு? வேலைக் கடிதத்தை வாபஸ் வாங்கிட்டானா?"

"அம்மா என்னைப் படத்துல போட்டுட்டாப்பா. சின்ன வயசுல நான் ஒண்ணு சொன்னேன். சிவப்பு ஒட்டினேன். அதையே போட்டுட்டா. என்னைக் கேட்கவே இல்ல."

அதற்குமேல் முடியவில்லை. காலையிலிருந்து அடக்கிவைத்தது எல்லாம் அங்கேதான் உடைந்தது. அப்பா மேஜையைச் சுற்றி வந்து அவள் தலையைத் தன் வயிற்றோடு அணைத்துக்கொண்டார். கண்ணாடி துடைக்கும் துணியாலேயே அவள் முகத்தையும் துடைத்தார்.

"தப்பு. உங்கம்மா பண்ணினது பெரிய தப்பு. நான் பேசறேன். இன்னிக்கே பேசறேன்." முதுகைத் தட்டிக்கொடுத்தார். "ஆனா நீ எதுக்குடா வெட்கப்படறே? எழுத்து நண்டு மாதிரி ஓடுதுன்னு சொன்ன குழந்தை, இன்னிக்கு ஊர்ல எல்லாரும் பேசறதையும் எழுதித் தர்றே. அதைவிட என்ன வேணும்?"

அழுகை பாதியில் நின்றது.

என்ன சொன்னாள் என்று அவள் இன்னும் அப்பாவிடம் சொல்லவே இல்லை. நண்டு படத்திலும் இல்லை. அம்மா பார்த்ததுகூட இல்லை.

அப்பாவின் சட்டையிலிருந்து முகத்தை எடுக்காமலே, மெல்ல, அம்மா சொல்லிக் கொடுத்த அந்த ஒரே கேள்வியைக் கேட்டாள்.

"அப்புறம்?"

"அப்புறம் என்ன, விரல் வெச்சா பக்கத்து வரிக்கு ஓடிடுதுன்னு நீ சொன்னப்போ எனக்கு அப்படியே..."

முதுகைத் தட்டிய கை நின்றது.

கீச்சு மெதுவாக நிமிர்ந்தாள். அப்பா அவள் முகத்தைப் பார்க்கவில்லை. எழுத்துப் பலகையைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

அவளுக்கு ஒவ்வொன்றாக ஞாபகம் வந்தது. டேப்பில் சிவப்பு ஒட்டிய அடுத்த வாரம். இதே ஸ்டூல். "உனக்குக் கண்ணுதான் கொஞ்சம் சரியில்ல, இதைப் போட்டா எழுத்தெல்லாம் நில்லுன்னா நிக்கும்" என்று சொல்லி அப்பா மாட்டிவிட்ட நீலச் சட்டம் போட்ட கண்ணாடி. நில்லுன்னா நிக்கும். நண்டைப் பற்றித் தெரியாதவர், டேப்பைப் போட்டுப் பார்க்காதவர், அப்படிச் சொல்வாரா? ஆறு வருஷம் போட்டிருந்தாள். எழுத்து நிற்கவே இல்லை. பள்ளியை விட்ட அன்று கழற்றிப் போட்டாள். கழற்றிய பிறகும் தெருவும் மரமும் வானமும் துளிகூட மாறாமல் அப்படியே தெரிந்தன. 'கண்ணாடிக்காரர் வீட்டுப் பொண்ணுக்குக் கண் தானா சரியாயிடுச்சு' என்று வீட்டில் எல்லாரும் சிரித்தார்கள். அப்பாவும் சிரித்தார்.

தானும் சேர்ந்து சிரித்ததுதான் இப்போது அவளுக்குப் பொறுக்கவில்லை.

"அப்பா, அந்த நீலக் கண்ணாடியில என்ன பவர்?"

"அதெல்லாம் எப்பவோ... யாருக்கு ஞாபகம் இருக்கு?"

"நீங்கதான் எல்லாருக்கும் பவர் குறிச்சு அட்டை எழுதி வைப்பீங்களே. செத்துப் போனவங்க அட்டையைக்கூடத் தூக்கிப் போடாதவர் நீங்க. எனக்கும் ஒண்ணு இருக்குமே?"

அப்பா துடைக்கும் துணியை நாலாக மடித்தார். எட்டாக மடித்தார். பிறகு, அவள் பார்த்துக்கொண்டிருக்கும்போதே, அவர் கை மேஜையின் ஓரமாக நகர்ந்துபோய், அட்டைகள் இருந்த இழுப்பறையின் மேல், அதைத் திறக்க முடியாதபடி அழுத்தமாக உட்கார்ந்தது.